நண்பனின் லாபிக்குள் போகும் முன்

சனிக்கிழமை இரவு எட்டு மணி. ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 என்ற கணினி விளையாட்டின் லாபியில், அதாவது ஆட்டம் தொடங்கும் முன் எல்லோரும் கூடும் இணைய அறையில், மூன்று பேர் ரெடி கொடுத்துவிட்டு உட்கார்ந்திருந்தார்கள். நான்காவது ஆள் நான். என் லேப்டாப்பில் அப்டேட் 11 சதவீதத்திலேயே நின்றது.

திருச்சியில் எனக்கு எட்டு மணி என்றால் சிங்கப்பூரில் இருக்கும் நண்பனுக்கு இரவு பத்தரை. டொராண்டோவில் இருப்பவனுக்குக் காலை பத்தரை. மூன்று ஊர் நேரத்தையும் பார்த்துப் பார்த்துப் பிடித்த ஒன்றரை மணி நேரம் அது. வாட்ஸ்அப் காலில் சிங்கப்பூர் நண்பன், "மச்சி, எவ்வளவு நேரம்டா காட்டுது?" என்றான். "இருபது நிமிஷம்" என்றேன். ஐம்பது நிமிடம் ஆனது. ஒருவழியாக உள்ளே போய் ஆட்டம் சூடு பிடிக்கும்போது டொராண்டோ நண்பன், "பாப்பாவை நீச்சல் கிளாஸுக்குக் கூட்டிட்டுப் போகணும்டா" என்று எழுந்துவிட்டான். ஆட்டம் பாதியில் நின்றது.

யாரும் என்னை ஒரு வார்த்தை சொல்லவில்லை. டொராண்டோ நண்பன் அந்த ஒன்றரை மணி நேரத்துக்காக வாரம் முழுக்க வீட்டில் சொல்லி வைத்து, முந்தின நாளே கடைக்குப் போகிற வேலையை எல்லாம் முடித்திருந்தான் என்பது மறுநாள்தான் எனக்குத் தெரிந்தது. அன்று பட்ட வருத்தம் இன்னும் மறக்கவில்லை. அதற்குப் பிறகு ஒன்றரை வருடமாக, பெரும்பாலான சனிக்கிழமைகளில் அந்த லாபிக்குள் போய்க்கொண்டிருக்கிறேன். நண்பர் கூப்பிட்டு முதன்முறையாக இப்படி ஓர் ஆட்டத்தில் சேரப் போகிறவர்களுக்குப் பயன்படட்டும் என்று, நான் பட்டுத் தெரிந்துகொண்டதை எழுதுகிறேன்.

ஊரைக் கட்டி, படை திரட்டி, எதிரியோடு மோதும் விளையாட்டு இந்த ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2. 1999இல் வந்தது. அதன் கான்கரர்ஸ் என்ற கூடுதல் தொகுப்பு 2000இல். நாங்கள் பொறியியல் கல்லூரி விடுதியில் இருந்தபோது ஜன்னல் வழியாகக் கேபிள் இழுத்து, ஒரு லேன் ஸ்விட்சில் எட்டு கணினிகளைக் கோத்து விடிய விடிய ஆடியது அதைத்தான். சாட்டில் 11 என்று அடித்தால் சிரிப்புச் சத்தம் வரும். 30 என்று அடித்தால் பாதிரியாரின் 'வோலோலோ' வரும். பக்கத்து அறையிலிருந்து அந்தச் சத்தம் கேட்டாலே யார் மாட்டிக்கொண்டான் என்று தெரிந்துவிடும். 2019 நவம்பரில் அதே விளையாட்டைப் புதுப்பித்து டெஃபினிடிவ் எடிஷன் என்று வெளியிட்டார்கள். நண்பன் கூப்பிட்டது அதற்குத்தான்.

என் தவறு தொடங்கியது அங்கேதான். நமக்குத் தெரிந்த விளையாட்டுதானே, போய் உட்கார்ந்தால் ஆயிற்று என்று நினைத்தேன். வாங்கி, இன்ஸ்டால் செய்து, ஒரு முறை திறந்து பார்த்துவிட்டு இரண்டு வாரம் தொடவே இல்லை. நடுவில் அப்டேட் வந்திருந்தது. எல்லோரிடமும் ஒரே பதிப்பு இல்லாவிட்டால் ஒரே ஆட்டத்தில் சேர முடியாது. அது ஏன் என்று தெரிந்துகொண்டபோதுதான் இந்த விளையாட்டைப் பற்றிய என் எண்ணமே மாறியது.

எங்கோ ஒரு பெரிய சர்வர் ஆட்டத்தை நடத்தி நம் திரைக்குப் படம் அனுப்புகிறது என்றுதான் நான் நினைத்திருந்தேன். அப்படி இல்லை. எட்டு பேர் ஆடினால் எட்டு கணினியும் அதே ஆட்டத்தை முழுசாகத் தனித்தனியே நடத்துகின்றன. என் ஆடு, அவன் யானை, எதிரியின் அம்பு எல்லாவற்றையும் ஒவ்வொரு கணினியும் தானே கணக்குப் போடுகிறது. இணையத்தில் போவது கட்டளை மட்டும்: இந்த ஆளை இந்த இடத்துக்கு அனுப்பு, இங்கே ஒரு வீடு கட்டு என்ற அளவுக்கு. 1997இல் வந்த முதல் ஏஜ் ஆஃப் எம்பயர்ஸுக்காக இப்படி அமைத்ததை, அதை எழுதிய பொறியாளர்களே 2001இல் விரிவாக விளக்கியிருக்கிறார்கள். அவர்கள் கணக்கில் வைத்திருந்தது 28.8 கிலோபிட் டயல்-அப் மோடம், 16 எம்பி ராம் உள்ள பென்டியம் 90 கணினி. அந்த மோடத்தில் 1500 வீரர்கள் எங்கே நிற்கிறார்கள், யாருக்கு எவ்வளவு உயிர் மிச்சம் என்று நொடிக்கு நொடி அனுப்ப வழியே இல்லை. அதனால் கட்டளையை மட்டும் அனுப்பி, மற்றதை அவரவர் கணினியிடம் விட்டுவிட்டார்கள்.

கோலாட்டத்தை நினைத்துக்கொள்ளுங்கள். எல்லோருக்கும் ஒரே அடவு தெரிந்திருக்க வேண்டும். எல்லோர் கோலும் ஒரே தாளத்தில் விழ வேண்டும். ஒருத்தி அடவை மாற்றிப் போட்டால் கோல் மோதாது. இங்கே பதிப்பு மாறினால் நடப்பது அதுதான்: இரண்டு கணினிகள் இரண்டு விதமாகக் கணக்குப் போடும், ஆட்டம் ஒத்துப்போகாமல் அறுந்துவிடும். அதனால்தான் வேறு பதிப்புக்காரரை உள்ளேயே விடுவதில்லை. அதே போல ஒருத்தி களைத்துப்போய்த் தாமதித்தால், சுற்றில் நிற்கும் அத்தனை பேரும் அவளுக்காகக் காத்திருக்க வேண்டும். உங்கள் கணினி திணறினால் உங்களுக்கு மட்டும் ஆட்டம் மெதுவாகாது. எல்லோருக்கும் மெதுவாகும்.

இது எனக்கு மூன்றாவது வாரம் நேரிலேயே தெரிந்தது. நாங்கள் நால்வர் ஓர் அணி, எதிரே கணினி ஆடும் நான்கு நாடுகள். ஒவ்வொருவருக்கும் 200 பேர் வரை அனுமதி என்றால் மொத்தம் 1600 உயிர்கள். நாற்பதாவது நிமிடத்தில் குதிரைகள் சேற்றில் நடப்பது போல நடந்தன. "யாரோட மெஷின்டா இழுக்குது?" என்றான் டொராண்டோக்காரன். கொஞ்ச நேரம் எல்லோரும் பேசாமல் இருந்தோம். அப்போது சிங்கப்பூர் நண்பன் சொன்னான்: "மச்சி, உன் லேப்டாப் ஃபேன் சத்தம் எனக்கு இங்க கேட்குது." ஏழு வருடப் பழைய லேப்டாப். கைவைக்கும் இடம் இட்லிப் பானை மூடி மாதிரி சுட்டது.

அதை மாற்றும் வசதி அப்போது இல்லை. செய்தது இவ்வளவுதான். இலவசமாகக் கிடைக்கும் உயர்தரப் படத் தொகுப்பைத் தனியாகப் போட்டிருந்தேன், அதை நீக்கினேன். ஆடும்போது பிரவுசரை முழுதாக மூடினேன். சார்ஜரைச் செருகியே வைத்தேன். பேட்டரியில் ஓடும்போது லேப்டாப் தானாகவே வேகத்தைக் குறைத்துக்கொள்கிறது. பின்பக்கம் இரண்டு கெட்டி நோட்டுகளை வைத்துத் தூக்கிவிட்டேன், காற்றுப் போக. ஹோஸ்ட் செய்யும் நண்பன் ஆள் வரம்பை 200இலிருந்து 150ஆகக் குறைத்தான். அதன் பிறகு அந்த இழுவை வரவில்லை. விளையாட்டுக்குள்ளேயே கணினியின் திறனை அளக்கும் சோதனை ஒன்று இருக்கிறது. முதல் நாளுக்கு முன்னாலேயே அதை ஓட்டிப் பார்த்து, வருகிற எண்ணை நண்பரிடம் சொல்லிவிடுங்கள். எத்தனை பேர், எவ்வளவு பெரிய வரைபடம் என்பதை அவர் அதற்கேற்ப வைப்பார். தன் கணினி பழசு என்று சொல்ல யாரும் கூச்சப்பட வேண்டாம். சொல்லாமல் உள்ளே போனால்தான் மற்றவர்களுக்குக் கஷ்டம்.

இணைப்பு விஷயத்திலும் எனக்கு இருந்த நினைப்பு தவறு. வேகம்தான் முக்கியம் என்று நம்பி, கூடுதல் பணம் கட்டி வேகமான பிளானுக்கு மாறினேன். ஒன்றும் மாறவில்லை. அந்தப் பொறியாளர்களின் விளக்கத்திலேயே இதற்கும் பதில் இருக்கிறது. நாம் கொடுக்கும் கட்டளை அந்த நொடியே நடப்பதில்லை. ஏறக்குறைய 200 மில்லிசெகண்ட் கொண்ட சின்னச் சின்னச் சுற்றுகளாக ஆட்டம் நகர்கிறது. இப்போது கொடுத்த கட்டளை இரண்டு சுற்று தள்ளித்தான் நிறைவேறும், எல்லோருக்கும் போய்ச் சேர்வதற்கான அவகாசம் அது. ஆட்களை உட்காரவைத்துச் சோதித்ததில், எப்போதும் 500 மில்லிசெகண்ட் தாமதம் இருந்தால்கூட அவர்கள் பழகிக்கொண்டு ஆடினார்கள். அது 80க்கும் 500க்கும் நடுவே தாவிக்கொண்டே இருந்தபோதுதான் ஆட முடியாமல் தவித்தார்கள். ஆக, வேண்டியது நிதானம். ஹாலில் ரவுட்டர், நடுவில் இரண்டு சுவர், உள்ளறையில் நான், வைஃபையில். அதுதான் தாவியது. பத்து மீட்டர் லேன் கேபிள் ஒன்று வாங்கிக் கதவிடுக்கு வழியாக இழுத்தேன். விடுதி ஜன்னலில் இழுத்த கேபிள் ஞாபகம் வந்தது. பிளானைப் பழைய விலைக்கே மாற்றிக்கொண்டேன்.

லாபிக்குள் நுழைவது பெரிய வித்தை இல்லை. நண்பர் தனிப்பட்ட லாபி திறந்து, விளையாட்டுகளை விற்கும் ஸ்டீம் தளம் வழியாக அழைப்பு அனுப்புவார். அழுத்தினால் நேராக உள்ளே போகலாம். எங்கள் நால்வரில் மீதி ஒருவர் சிங்கப்பூர் நண்பனின் அலுவலகத்தில் வேலை பார்க்கும் மதுரைக்காரர், எங்களைவிட மூத்தவர், எல்லோருக்கும் அண்ணன். அவர் வைத்திருப்பது மைக்ரோசாஃப்ட் ஸ்டோர் பதிப்பு. அவரும் எங்களோடு ஆட முடியும், வேறு கடையில் வாங்கியது தடையில்லை. கூடுதல் தொகுப்புகளும் அப்படித்தான். என்னிடம் இருக்கும் தொகுப்பு உங்களிடம் இல்லாவிட்டாலும் சேர்ந்து ஆடலாம், அந்தத் தொகுப்பின் நாடுகளை நீங்கள் தேர்ந்தெடுக்க முடியாது, அவ்வளவே. இது தெரியாமல் எல்லாவற்றையும் முதல் நாளே வாங்கிவிட வேண்டாம்.

உள்ளே போனதும் பார்க்க வேண்டியது அணி எண். உங்கள் பெயருக்கு எதிரே நண்பர்களின் எண்ணே இருக்க வேண்டும். ஒரு நாள் நான் அதைப் போடாமல் ரெடி கொடுத்துவிட்டேன். ஆட்டம் தொடங்கியதும் என் ஆட்டை அண்ணனின் ஆள் வெட்டிக்கொண்டிருந்தார். வெளியே வந்து மறுபடி தொடங்கினோம், பத்து நிமிடம் போனது. மைக்கையும் அதற்கு முன்பே பார்த்து வையுங்கள். ஹெட்போன் இல்லாமல் ஆடினால் மற்றவர் குரல் அவருக்கே திரும்பக் கேட்கும். வீட்டில் குக்கர் விசில் அடிக்கும் நேரம் என்றால், பேசும்போது மட்டும் பொத்தானை அழுத்திப் பேசும்படி வைத்துக்கொள்வது நல்லது.

இனி ஆட்டம். நண்பர்களோடு ஆடும் முன் தனியாக உட்கார்ந்து பழக வேண்டுமா என்று கேட்பார்கள். வேண்டும், ஒரு வாரமாவது. விளையாட்டிலேயே 'ஆர்ட் ஆஃப் வார்' என்று பயிற்சி ஆட்டங்கள் இருக்கின்றன. ஆனால் எல்லாவற்றையும் கற்றுக்கொண்டுதான் போக வேண்டும் என்று தள்ளிப்போடாதீர்கள். எனக்கு மூன்று விஷயம் கைவந்ததும் மற்றவர்களுக்குப் பாரமாக இல்லாமல் ஆட முடிந்தது. ஊரின் நடுக் கட்டடமான டவுன் சென்டர் சும்மா இருக்கக் கூடாது, வில்லேஜர் எனும் வேலையாட்களை உருவாக்கிக்கொண்டே இருக்க வேண்டும்: ஒரு வில்லேஜருக்கு 50 ஃபுட், ஆட்டக் கணக்கில் 25 விநாடி, சாதாரண வேகத்தில் நம் கடிகாரத்துக்குப் பதினைந்து விநாடி. வீடு முன்கூட்டியே கட்ட வேண்டும்: 25 வுட்டுக்கு ஐந்து பேருக்கு இடம். முற்றுப்புள்ளி விசையை அழுத்தினால் வேலையில்லாமல் நிற்கும் வில்லேஜரிடம் கொண்டுபோகும், அதைப் பேச்சுக்கு நடுவே 'ம்' கொட்டுவது போல அழுத்திக்கொண்டே இருக்க வேண்டும். 500 ஃபுட் சேர்ந்தால் அடுத்த யுகமான ஃபியூடல் ஏஜ், அதற்கடுத்து 800 ஃபுட், 200 கோல்டு சேர்ந்தால் காசில் ஏஜ். மிச்சத்தைக் கூட இருப்பவர்கள் சொல்லித் தருவார்கள்.

காட்டுப்பன்றியை அப்படித்தான் கற்றேன். ஒரு பன்றியில் 340 ஃபுட், மூன்று ஆட்டுக்கும் மேல். விடுதி நாளில் நான் பன்றிப் பக்கமே போனதில்லை, அது ஆளைக் கொன்றுவிடும். வில்லேஜருக்கு உயிர் 25, பன்றியின் ஒரு முட்டுக்கு 7 போகும். நான்கு முட்டு, ஆள் காலி. நண்பன் வாட்ஸ்அப் காலில் நிறுத்தி நிதானமாகச் சொன்னான்: "ஒரே ஒரு ஆளை அனுப்பு. அம்பு விழுந்துச்சா? இன்னொண்ணு விடு. இப்ப திரும்பி ஓடு, டவுன் சென்டருக்கு. திரும்பிப் பார்க்காத. ஆடு வெட்டுறவங்களை எல்லாம் செலக்ட் பண்ணு. வந்துடுச்சா? இப்ப எல்லாரையும் அதுமேல விடு." பன்றி என் வில்லேஜரின் குதிகாலைத் தொட்டுக்கொண்டே ஓடி வந்து டவுன் சென்டர் வாசலில் விழுந்தது. நான் கத்திய கத்தலில் அடுப்படியிலிருந்து மனைவி வந்து எட்டிப் பார்த்தாள். அவ்வளவு நேரமும் ஆட்டத்தில் நண்பனின் ஊரில் ஒருவரும் உருவாகாமல் டவுன் சென்டர் சும்மா நின்றது என்பதைப் பிறகு அந்த ஆட்டத்தின் பதிவில்தான் பார்த்தேன்.

சேர்ந்து ஆடும்போது வரும் தவறுகள் தனியாக ஆடும்போது வராதவை. அதில் ஒன்றைச் சொல்ல வேண்டும். அராபியா வரைபடம், திறந்த வெளி. நால்வரில் இரண்டு பேர் ஓரம், இரண்டு பேர் உள்ளே. ஓரத்தில் இருப்பவரை ஃபிளாங்க் என்பார்கள், அடி முதலில் அவருக்குத்தான். உள்ளே இருப்பவர் பாக்கெட்; குதிரைப்படை வளர்த்து ஓரத்துக்கு உதவ வேண்டியது அவர். நான் ஃபிளாங்க், அண்ணன் என் பாக்கெட். ஃபியூடலில் எதிரியின் குதிரைகள் என் விறகுவெட்டிகளைத் துரத்தின. பயந்துபோய்க் காட்டு ஓரத்திலிருந்து காட்டு ஓரம் வரை மரவேலி போட்டேன். ஒரு கம்பத்துக்கு 3 வுட். முன்பக்கம், பின்பக்கம், ஒரு இடைவெளி விடாமல். ஊரே பத்திரமாகிவிட்டது என்று நிம்மதியாக இருந்தது.

காசில் ஏஜில் எதிரி கோட்டை இடிக்கும் ராம் வண்டிகளோடு முன்வேலியை உடைத்து வந்தான். வரைபடத்தில் கூட்டாளிகளைக் கூப்பிடும் ஃபிளேர் குறியைப் போட்டேன். அண்ணன், "வந்துட்டேன் தம்பி, பத்தே செகண்ட்" என்றார். நைட் எனும் கவசக் குதிரை வீரர்கள் இருபது பேர் வந்து என் பின்வேலியின் முன்னால் நின்றார்கள். "தம்பி, கேட் எங்க இருக்கு?" கேட் இல்லை. நம் அணிக்காரர் வந்தால் கேட் தானாகத் திறக்கும். ஆனால் வெறும் வேலி நம்மவர், அடுத்தவர் என்று பார்க்காது. 30 வுட் செலவழித்து ஒரு மரக்கேட் வைத்திருந்தால் போதும். வேலியில் ஒரு கம்பத்தைத் தேர்ந்தெடுத்து டெலிட் அழுத்த வேண்டும் என்பதுகூட அந்தப் பதற்றத்தில் தோன்றவில்லை, அவர்தான் சொன்னார். குதிரைகள் உள்ளே வரும்போது டவுன் சென்டர் எரிந்து விழுந்துகொண்டிருந்தது.

"நான் ரிசைன் பண்ணிடுறேன்ணா, நீங்க ஆடுங்க" என்றேன். மனசு விட்டுப்போயிருந்தது. "அதெல்லாம் வேண்டாம் தம்பி. எத்தனை பேர் மிச்சம்?" ஒன்பது வில்லேஜர்கள். "என் ஊருக்குப் பின்னாடி மரம் இருக்கு, கல்லு இருக்கு. எல்லாரையும் கூட்டிட்டு இங்க வந்துடு." என் ஒன்பது பேரும் அவருடைய வயல்களுக்கு நடுவே நடந்து போனார்கள். அவர் மார்க்கெட் வழியாக வுட்டும் ஸ்டோனும் அனுப்பினார். அப்படி அனுப்பினால் ஒரு பங்கு வரியாகப் போய்விடும், தெரிந்தே அனுப்பினார். புது டவுன் சென்டருக்கு 275 வுட், 100 ஸ்டோன். அது எழும்பியதும் நான் செய்தது ஒன்றே ஒன்று: முழுக்க வயல் போட்டு, ஃபுட் சேரச் சேர மூன்று பேருக்கும் அனுப்பிக்கொண்டிருந்தேன். சாட்டில் 3 என்று அடித்தால் 'ஃபுட் ப்ளீஸ்' என்று குரல் வரும். 4 வுட், 5 கோல்டு, 6 ஸ்டோன். பேசிக்கொண்டே இருக்க முடியாத நேரத்தில் அந்த எண்கள்தான் கைகொடுக்கும். ஒரு மணி நாற்பது நிமிடம் ஓடிய அந்த ஆட்டத்தில் ஜெயித்தோம். என் பெயருக்கு எதிரே ஸ்கோர் கடைசி. ஆனாலும் நான் ஆடியதிலேயே எனக்குப் பிடித்த ஆட்டம் அதுதான். ஊர் போய்விட்டது என்று எழுந்து போய்விடாதீர்கள்; நாலு வில்லேஜர் மிச்சமிருந்தால்கூடக் கூட்டாளிக்கு உதவ வழி இருக்கிறது.

ஆட்டம் ஒவ்வொன்றும் தானாகவே பதிவாகிறது. முடிந்ததும் அதைத் திறந்து, நண்பரின் கண்ணிலிருந்து பார்க்கலாம். எனக்கு இதைவிட நல்ல ஆசிரியர் கிடைக்கவில்லை. நான் 'யாரும் உதவிக்கு வரவில்லையே' என்று மனதுக்குள் குறைப்பட்ட ஓர் ஆட்டத்தில், அதே நேரம் நண்பன் இரண்டு பக்கமும் அடி வாங்கிக்கொண்டு என்னிடம் சொல்லாமலே சமாளித்ததைப் பதிவில் பார்த்தேன். அடுத்த அப்டேட் வருவதற்குள் பார்த்துவிட வேண்டும். பதிப்பு மாறினால் பழைய பதிவு ஓடாமல் போகலாம். காரணம் முன்பு சொன்ன கோலாட்டம்தான், பதிவில் இருப்பதும் கட்டளைகள் மட்டுமே.

2022 ஏப்ரலில் வந்த டைனஸ்டீஸ் ஆஃப் இந்தியா தொகுப்பில் திராவிடர், வங்காளிகள், கூர்ஜரர் என்று மூன்று நாடுகளைச் சேர்த்தார்கள். ராஜேந்திர சோழனின் கதை தனிப் படலமாகவே இருக்கிறது. திராவிடரை எடுத்து நான் முதல் முறை ஒரு வில்லேஜரைச் சொடுக்கியபோது ஹெட்போனில் தமிழ்க் குரல் கேட்டது. அப்படியே கையை எடுத்துவிட்டு இன்னொரு முறை சொடுக்கிக் கேட்டேன். விடுதியில் யார் யாருடைய மொழியையோ கேட்டு மனப்பாடம் செய்தவர்கள் நாங்கள். ஆனால் பாசத்துக்காக அதையே எடுத்துக்கொண்டு பாக்கெட்டில் போய் உட்காராதீர்கள். திராவிடருக்கு நைட் கிடையாது. குதிரைப்படை எதிர்பார்க்கும் கூட்டாளி ஏமாந்துபோவார். ஒவ்வொரு யுகம் ஏறும்போதும் 200 வுட் கூடுதலாகக் கிடைக்கும், காலாட்படை உருவாகும் பாரக்ஸ் கட்டடத்தின் மேம்பாடுகள் பாதி விலை, மீன்பிடியும் கடலும் கைவந்தவை. தண்ணீர் இருக்கும் வரைபடத்தில் எடுத்தால் உங்களால் அணிக்கே பலம்.

எதிரியாக ஆடும் கணினி எவ்வளவு வலுவாக ஆட வேண்டும் என்பதையும் முதலிலேயே பேசிக்கொள்ளுங்கள். நாங்கள் விடுதிப் பெருமையில் ஹார்டில் தொடங்கி மூன்று முறை தோற்று, மாடரேட்டுக்கு இறங்கி, பிறகுதான் ஏறினோம்.

கரண்ட் போவதை நாம் சேர்த்துக்கொள்ளத்தான் வேண்டும். இன்வெர்ட்டர் லைனில் லேப்டாப் இருந்தது, ரவுட்டர் இல்லை. ஒரு தடவை ஆட்டம் அறுந்த பிறகு ரவுட்டரையும் அந்த லைனுக்கு மாற்றினேன். மழை இரவுகளில் இருபது நிமிடத்துக்கு ஒரு முறை யாராவது சேவ் செய்துவிடுவோம். அதே ஆட்கள் திரும்ப வந்தால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். நவம்பரில் டொராண்டோவில் கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னுக்குத் தள்ளுவார்கள். எங்கள் எட்டு மணி அன்று முதல் அவனுக்கு ஒன்பதரை. முதல் வருடம் அதை யோசிக்காமல் அவன் தூங்கும்போது போன் அடித்து எழுப்பினோம். இப்போது அந்தத் தேதி குழுவில் எல்லோருடைய காலண்டரிலும் இருக்கிறது.

இத்தனை ஏற்பாடும் ஒரு விளையாட்டுக்கா என்று வீட்டில் கேட்டார்கள். எங்கள் பேச்சு இதற்கு முன் பிறந்தநாள் வாழ்த்தோடு முடிந்துபோயிருந்தது. நேராகப் போன் செய்தால் 'நல்லா இருக்கியா, நல்லா இருக்கேன்' என்பதைத் தாண்ட மாட்டோம். கை வேலையாக இருக்கும்போது வாய் தானாகத் திறக்கிறது. ஒரு சனிக்கிழமை, ஆட்டம் தொடங்கி ஆடு வெட்டிக்கொண்டிருக்கிற அந்த அமைதியான முதல் ஐந்து நிமிடத்தில், "அப்பாவுக்குக் கண்ணுல ஆபரேஷன்டா, செவ்வாய்க்கிழமை. நான் போக முடியல" என்றான் சிங்கப்பூர் நண்பன், சாதாரணமாக. அவன் அப்பா காரைக்குடியில் இருக்கிறார். எனக்கு இரண்டு மணி நேரப் பயணம். செவ்வாய்க்கிழமை லீவு போட்டுவிட்டுப் போனேன். கண்ணில் கட்டோடு என் கையைப் பிடித்துக்கொண்டு, "ராத்திரி ராத்திரி அவன் கத்திக்கிட்டு இருக்கிறது உங்கூடத்தானாப்பா?" என்று கேட்டார். ஆமாம்ப்பா என்றேன்.

இந்த வாரம் ஐந்தாவதாக ஒருவர் சேர்கிறார், அண்ணனின் மச்சினன், கோயம்புத்தூர்க்காரர். விளையாட்டை வாங்கி ஒரு மாதம் ஆகிறதாம். வியாழக்கிழமை இரவு அவருக்குப் போன் செய்தேன். "எல்லாம் இருக்குதுங்ண்ணா, நான் இந்த கேமை ஸ்கூல்லயே ஆடியிருக்கேன்" என்றார். "சரிங்க தம்பி, இருந்தாலும் இப்ப ஒரு தடவை திறந்து பாருங்க" என்றேன். கொஞ்ச நேரம் சத்தமில்லை.

"அண்ணா, அப்டேட் கேட்குதுங்க."

"போட்டு விடுங்க. சனிக்கிழமைக்கு இன்னும் ரெண்டு நாள் இருக்கு."